500-க்கு 480 போதவில்லை: கோத்தகிரியில் ஒரு வீட்டுக் கணினி மீண்ட விதம்

ஐப்பசி மூன்றாவது வாரம். கோத்தகிரியில் விடாத மழை. இரவு எட்டரை மணிக்கு அந்த வீட்டுக் கணினியின் முன்னால் உட்கார்ந்திருந்தேன். புது எஸ்.எஸ்.டி.யை மாட்டியாகிவிட்டது. சித்திரையில் நானே எடுத்து வைத்த முழு டிஸ்க் இமேஜ் (விண்டோஸ், மென்பொருள், ஃபைல் எல்லாம் சேர்ந்த அப்படியே பிரதி) கையில் இருக்கிறது. இமேஜ் எடுக்கவும் இறக்கவும் உதவும் குளோன்சில்லா மென்பொருளில் ரீஸ்டோர் கொடுத்தேன். அரை நிமிடம்கூட ஆகவில்லை. போடப்போகும் டிஸ்க் பழைய டிஸ்கைவிடச் சிறியது என்று சொல்லி நின்றுவிட்டது. பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த பெரியவர், “என்ன தம்பி, எறங்கலையா?” என்றார்.

இறங்கவில்லை. இமேஜில் ஒரு குறையும் இல்லை. அது இறங்க இடம்தான் இல்லை. இமேஜ் எடுத்த அன்றைக்கு நான் யோசிக்காமல் விட்டது இந்த ஒன்றைத்தான். அதற்கு ஒன்பது நாள் அலைந்தோம். வீட்டில் இமேஜ் எடுத்து அலமாரியில் பூட்டி வைத்திருக்கும் எவருக்கும் இது நேரலாம் என்பதால், நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

உள்ளே இருந்தது

வீடு கோடநாடு போகிற சாலையில், தேயிலைக்கு நடுவே. பெரியவர் எஸ்டேட்டில் கணக்கப்பிள்ளையாக இருந்து ஓய்வு பெற்றவர். இந்திய வம்சாவளித் தொழிலாளர்கள் பற்றி இந்தியாவும் இலங்கையும் செய்த 1964 ஒப்பந்தத்தின் கீழ் இலங்கை மலையகத்திலிருந்து திரும்பிய குடும்பம். சிறுவனாகத் தலைமன்னாரில் கப்பல் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாம் வழியாக நீலகிரிக்கு வந்து சேர்ந்தவர். ஓய்வுக்குப் பிறகு தன்னைப் போல வந்த 43 குடும்பங்களின் கதையைக் கேட்டுப் பதிவு செய்து, தட்டச்சு செய்து கொண்டிருக்கிறார். கண்டியில் இருந்த இந்தியத் தூதரகக் கிளை கொடுத்த பாஸ்போர்ட்டுகள், இங்கே வந்ததும் கொடுத்த குடும்ப அட்டைகள், லயத்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு) வாசலில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படங்கள் என்று எல்லாம் ஸ்கேன் செய்யப்பட்டு அந்தக் கணினிக்குள் இருந்தன.

இவற்றோடு அவருடைய அம்மா பேசிய ஆறு கேசட்டுகளும் வேவ் ஒலி ஃபைல்களாக இருந்தன. கேசட்டுகள் இப்போது இல்லை. இந்த ஊர் ஈரத்தில் டேப்பில் வெள்ளையாகப் பூஞ்சை படர்ந்து, பிளேயரில் சிக்கி அறுந்து போய், கடைசியில் தூக்கிப் போட வேண்டியதாகிவிட்டது. கணினியில் இருந்ததுதான் அந்தக் குரலின் ஒரே பிரதி.

கணினி 2014-இல் அசெம்பிள் செய்தது. நான்காம் தலைமுறை ஐ3, 500 ஜி.பி. ஹார்ட் டிஸ்க். விண்டோஸ் 7-இல் தொடங்கி, 2016 ஜூலையோடு முடிந்த இலவச வாய்ப்பில் விண்டோஸ் 10-க்கு மாறியது. விண்டோஸ் 11-க்கு இன்டெல்லில் எட்டாம் தலைமுறையாவது வேண்டும், டி.பி.எம். 2.0 என்ற பாதுகாப்பு வசதி வேண்டும் என்பதால் இது அங்கேயே நின்றுவிட்டது. 2025 அக்டோபர் 14-ஓடு விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவும் முடிந்துவிட்டதால் இதை இணையத்தோடு இணைப்பதில்லை. எழுதுவதற்கும் கேட்பதற்கும் மட்டும்தான்.

ஃபைல்களை மட்டும் பென் டிரைவில் காப்பி எடுத்தால் போதாதா என்று பலர் கேட்டார்கள். இந்த வீட்டில் போதாது. பெரியவர் பாமினி எழுத்துருவில் தட்டச்சு பழகியவர். அச்சகக்காரர் ஒருவர் போட்டுக் கொடுத்த பேஜ்மேக்கர் 7-இல்தான் பக்கம் கட்டுகிறார். பாமினியில் அடித்ததை அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால், ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியும் கலந்த கந்தல்தான் தெரியும். 2010-இலேயே தமிழ்நாடு அரசு யூனிகோடையும் டேஸ் 16-ஐயும் கணினித் தமிழின் எழுத்துக் குறிமுறைத் தரமாக அறிவித்துவிட்டது. ஆனாலும் அதற்கு முன்பு பழகிய விரல்கள் பழைய விசைப்பலகையிலேயே ஓடுகின்றன. பேஜ்மேக்கர் வந்த சிடி எங்கே என்று யாருக்கும் தெரியாது. எழுத்துரு, தட்டச்சு மென்பொருள், அதன் விசை அமைப்பு, அவர் பத்து வருடமாகச் சேர்த்த பக்க வார்ப்புகள் எல்லாம் சேர்ந்துதான் அவருடைய மேசை. அந்த மேசையை அப்படியே தூக்கி வைக்க இமேஜ் ஒன்றுதான் வழி.

சித்திரையில் எடுத்த இமேஜ்

குளோன்சில்லாவைப் பென் டிரைவில் போட்டு, அதிலிருந்து கணினியை பூட் செய்து, முழு டிஸ்கையும் 1 டி.பி. வெளி டிஸ்கில் இமேஜாக எடுத்தேன். குளோன்சில்லா டிஸ்கின் எல்லா இடத்தையும் படிப்பதில்லை. அதற்குள் வேலை செய்யும் பார்ட்குளோன், ஃபைல் சிஸ்டத்தை (எந்த ஃபைல் எங்கே இருக்கிறது என்ற டிஸ்கின் ஒழுங்குமுறை) பார்த்து, எழுதப்பட்ட இடங்களை மட்டும் எடுக்கும். சி டிரைவில் 62 ஜி.பி.யும் டி டிரைவில் 141 ஜி.பி.யும்தான் நிரம்பியிருந்தன. ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது; அழுத்தி 164 ஜி.பி.யாக முடிந்தது. ஒலியும் படமும் அதிகமாக இருந்தால் அதற்கு மேல் சுருங்காது.

முதல் முயற்சியிலேயே ஒரு தடை வந்தது. சி டிரைவ் ஹைபர்னேட் நிலையில் இருக்கிறது என்று எடுக்க மறுத்தது. விண்டோஸ் 10-இல் ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் இயங்கினால், ஷட்டவுன் கொடுத்தாலும் அது முழுதாக மூடுவதில்லை. பாதித் தூக்கத்தில் இருக்கும். பவர் ஆப்ஷனில் போய் அதை நிறுத்திவிட்டு மறுபடி மூடிய பிறகு தடையில்லாமல் எடுத்தது. கடைசியில் இமேஜைச் சரிபார்க்கச் சொன்னேன். ரீஸ்டோர் செய்யத் தக்கது என்று பதில் வந்தது. வெளி டிஸ்கைப் பழைய பிஸ்கட் டின்னில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு வைத்து, மேலே தேதி எழுதி ஒட்டினார் பெரியவர். நானும் வேலை முடிந்தது என்று கிளம்பிவிட்டேன்.

இமேஜ் படிக்கத் தக்கதா என்பதைத்தான் அந்தச் சோதனை பார்த்தது. அது இறங்க எவ்வளவு இடம் கேட்கும் என்பதை நானும் பார்க்கவில்லை, டின்னின் மேலும் எழுதவில்லை.

டிஸ்க் போனது

ஆயுத பூஜைக்குப் பொட்டு வைத்து முடித்த மறுவாரம் கணினி திணற ஆரம்பித்தது. ஒரு ஃபோல்டரைத் திறக்க ஒரு நிமிடம். இடையிடையே டிக், டிக் என்று ஒரு சத்தம். பேத்தி கல்லூரியில் படிக்கிறவள். டிஸ்கின் உடல்நிலையைக் காட்டும் கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோவைப் போட்டுப் பார்த்து மொபைலில் படம் எடுத்து அனுப்பினாள். மஞ்சள் நிற எச்சரிக்கை. 197-ஆம் வரிசையில், படிக்க முடியாமல் காத்திருக்கும் செக்டர்களின் (டிஸ்கில் தரவை எழுதும் சிறு கட்டங்கள்) எண்ணிக்கை 184. நான் அன்று ஊட்டியில் இருந்தேன். வருவதற்குள், செக்டிஸ்கை முழுச் சோதனையாக இரவெல்லாம் ஓட்டினால் சரியாகிவிடும் என்று தெரிந்தவர் ஒருவர் ஃபோனில் சொல்லியிருக்கிறார். அவளும் நம்பி ஓட்டியிருக்கிறாள். காலையில் அதே வரிசை 2,072 காட்டியது. விண்டோஸ் எழவில்லை.

இதை அழுத்திச் சொல்ல வேண்டும். செக்டிஸ்க் ஃபைல் சிஸ்டத்தைப் பழுது பார்க்கும் கருவி. சாகப் போகிற டிஸ்கைக் காப்பாற்றும் கருவி அல்ல. டிஸ்க் முழுவதையும் படிக்க வைக்கும், கெட்ட இடத்தில் மீண்டும் மீண்டும் தலையை மோதும், அதற்கு மேல் அந்த டிஸ்கின் மீதே எழுதவும் செய்யும். மஞ்சள் வந்த டிஸ்கில் செய்ய வேண்டிய முதல் வேலை அதை அணைப்பதுதான்.

பேத்தி அழுதுவிட்டாள். “நான்தான் கெடுத்துட்டேன் அண்ணா.” இல்லை. டிஸ்க் ஏற்கெனவே போய்க்கொண்டிருந்தது. அவள் படம் எடுத்து அனுப்பியதால்தான் எங்கே தொடங்கி எங்கே வந்து நின்றது என்று எனக்கே தெரிந்தது.

இங்கே ஒரு நம்பிக்கை உண்டு: மலை உயரத்துக்கு ஹார்ட் டிஸ்க் தாங்காது என்பார்கள். ஹார்ட் டிஸ்கின் தலை தட்டின் மேல் மெல்லிய காற்றுப் படலத்தில் மிதக்கிறது, காற்று அடர்த்தி குறைந்தால் அது தாழும் என்பது உண்மை. ஆனால் சாதாரண டிஸ்குகள் ஏறத்தாழ 3,000 மீட்டர் உயரம் வரை இயங்கும்படிதான் செய்யப்படுகின்றன. கோத்தகிரி 1,800 மீட்டர் அளவில் இருக்கிறது. தொட்டபெட்டா உச்சியே 2,637 மீட்டர்தான். நம் ஊரில் டிஸ்கைக் கொல்வது ஈரமும் கரண்டும். குளிரில் கிடந்த டிஸ்கை அடுப்பங்கரைச் சூட்டுக்குக் கொண்டுவந்து உடனே மாட்டினால் உள்ளே வியர்க்கும். அரை மணி நேரமாவது காத்திருக்க வேண்டும். கரண்டின் கதை கீழே வருகிறது.

இறங்க மறுத்த இரவு

திருப்பூரில் வேலை பார்க்கும் மகன் மறுநாளே ஒரு எஸ்.எஸ்.டி. வாங்கி அனுப்பினார். 480 ஜி.பி. பழையது 500, அதில் பாதிகூட நிரம்பவில்லை, 480 தாராளம் என்றுதான் அவரும் நினைத்தார், நானும் நினைத்தேன்.

அளவு என்று நாம் சொல்வது வேறு, இமேஜ் பார்ப்பது வேறு. 500 ஜி.பி. டிஸ்கில் 512 பைட் கொண்ட செக்டர்கள் 97,67,73,168. இது எந்தக் கம்பெனியின் 500 ஜி.பி. ஹார்ட் டிஸ்கானாலும் பொதுவாக இதே எண்தான். தொழில்துறை ஒப்புக்கொண்ட ஒரு கணக்கு இருக்கிறது. அதே கணக்கில் 480 ஜி.பி. எஸ்.எஸ்.டி.யில் 93,77,03,088. இடையில் சுமார் 3 கோடியே 90 லட்சம் செக்டர், அதாவது 20 ஜி.பி. குறைகிறது. பழைய டிஸ்கில் டி டிரைவ் கடைசி வரை நீண்டிருந்தது. அந்தக் கடைசி 20 ஜி.பி.யில் ஒரு எழுத்துகூட இல்லாவிட்டாலும், டி டிரைவின் எல்லைக்கல் அங்கேதான் நடப்பட்டிருக்கிறது.

பெரியவருக்கு இப்படிச் சொன்னேன்: “ஐயா, நான் சித்திரையில எடுத்தது வீட்டுச் சாமானை மூட்டை கட்டுனது இல்லை. வீட்டையே சுவரோட வாசலோட பேத்து எடுத்தது. இப்ப வாங்கியிருக்க மனை இருபது அடி குட்டை.” அவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, “அப்ப பெரிய மனைல ஒருதரம் எறக்கி வச்சு, செவத்த உள்ள தள்ளிக் கட்டி, பெறகு இங்க கொண்டாரலாமே” என்றார். செய்ய வேண்டியதும் அதுவேதான். அதற்கு மேல் நான் விளக்க ஒன்றுமில்லை.

அளவைச் சரிபார்க்காதே என்று குளோன்சில்லாவுக்குச் சொல்லும் தேர்வு ஒன்று உண்டு. பார்ட்டிஷன்களை (சி, டி என்று டிஸ்கைப் பிரித்த பகுதிகள்) விகிதப்படி சுருக்கி அமைக்கும் தேர்வும் உண்டு. அந்த இரவில் இரண்டையும் போட்டுத் தள்ளிவிடலாமா என்று கை துறுதுறுத்தது. ஆனால் பார்ட்டிஷனைச் சுருக்கினாலும் இமேஜுக்குள் இருக்கும் ஃபைல் சிஸ்டம் பழைய நீளத்திலேயே இருக்கும். சிறிய பார்ட்டிஷனில் அதைப் போட பார்ட்குளோன் மறுத்துவிடும். அணைத்துவிட்டுக் கிளம்பினேன்.

ஆறு மாத வேலை

இமேஜ் இறங்கினாலும் அது சித்திரையின் படம். அதற்குப் பிறகு அவர் எழுதிய 38 பக்கம், நான்கு பேரிடம் எடுத்த பேட்டி, ஆடியில் பேத்தி எடுத்த படங்கள் எல்லாம் செத்துக்கொண்டிருந்த பழைய டிஸ்கில் மட்டுமே இருந்தன. ஆகவே முதலில் அதிலிருந்து வருவதை எடுத்துவிட வேண்டும், பிறகுதான் மனை விவகாரம்.

இதற்கு டிடிரெஸ்க்யூ என்ற மீட்பு மென்பொருள். இது குளோன்சில்லாவைப் போல ஃபைல் சிஸ்டத்தை யோசிப்பதில்லை. செக்டர் செக்டராகப் படிக்கும். கெட்ட இடம் வந்தால் அங்கேயே நின்று மல்லுக்கட்டாமல் தாண்டிப் போய், நல்லதையெல்லாம் முதலில் அள்ளிக்கொள்ளும். பிறகு திரும்பி வந்து கெட்ட இடங்களின் ஓரத்தைச் செதுக்கும். கடைசியாகத்தான் ஒவ்வொரு செக்டராகத் தட்டிப் பார்க்கும். எங்கே படித்தது, எங்கே தோற்றது என்பதை மேப் ஃபைல் என்ற சிறு குறிப்பில் எழுதிக்கொண்டே போகும். அந்த மேப் ஃபைலைக் கொடுக்காமல் ஓட்டுபவர்களைப் பார்த்திருக்கிறேன். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள்.

பிஸ்கட் டின்னில் இருந்த வெளி டிஸ்கை இந்த வேலைக்குத் தொடவே இல்லை. சித்திரை இமேஜின் ஒரே பிரதி அதில்தான். என்னுடைய 2 டி.பி. டிஸ்கை லினக்ஸின் எக்ஸ்ட்4 ஃபைல் சிஸ்டத்தில் ஃபார்மேட் செய்து அதில் எழுத வைத்தேன். எக்ஸ்ஃபேட் என்ற இன்னொரு ஃபைல் சிஸ்டத்தில் ஜர்னல், அதாவது மாற்றங்களைக் குறித்துவைக்கும் பதிவேடு, கிடையாது. நடுவில் கரண்ட் போனால் எழுதிக்கொண்டிருந்த ஃபைல் மொத்தமாகவே குழம்பலாம். இந்த ஊரில் அந்த நம்பிக்கையோடு வேலை செய்ய முடியாது.

மாலை ஆறரைக்கு ஆரம்பித்தேன். முதல் கால் பங்கு மிக மெதுவாகப் போனது. சி டிரைவ் இருக்கும் பகுதி அது. பிறகு வேகம் பிடித்து வினாடிக்கு 90 எம்.பி. அளவில் ஓடியது. மூவரும் சோற்றுத் தட்டோடு திரையைப் பார்த்துக்கொண்டிருந்தோம். பத்தே முக்காலுக்கு 71 சதவீதம். வெளியே காற்று சுழற்றி அடித்தது. சில்வர் ஓக் கிளை ஒன்று கம்பியில் விழுந்திருக்க வேண்டும்; ஒரு வெட்டு வெட்டி ஊரே இருண்டது. யூ.பி.எஸ். கீச்சிட்டது. அந்த பேட்டரி ஐந்து நிமிடத்துக்குத் தாங்கும். கன்ட்ரோலும் சி-யும் அழுத்தி நிறுத்தினேன். டிடிரெஸ்க்யூ மேப் ஃபைலை எழுதி முடித்து ஒழுங்காக நின்றது. கணினியை அணைத்து, டார்ச் வெளிச்சத்தில் டிஸ்கின் முதுகில் கை வைத்துப் பார்த்தேன். சூடு கொதித்தது. அது ஆறட்டும் என்று அன்றைக்கு விட்டுவிட்டோம்.

மறுநாள் மதியம் கரண்ட் வந்தது. அதே கட்டளையை அதே மேப் ஃபைலோடு மறுபடி கொடுத்தேன். 71-இலிருந்தே தொடர்ந்தது, முந்தைய இரவில் படித்த ஒரு செக்டரைக்கூட மறுபடி தொடவில்லை. பழைய டிஸ்கின் ஒவ்வொரு நிமிடமும் கணக்கில் இருக்கும் நேரத்தில் இது எவ்வளவு பெரிய விஷயம் என்பதை அந்த அறையில் உட்கார்ந்திருந்தால்தான் தெரியும்.

மூன்று நாள், இடையிடையே அணைத்து ஆற வைத்து, மூன்று முறை மறுமுயற்சி. முடிவில் சி டிரைவில் 9.4 எம்.பி. படிக்க முடியவில்லை. டி டிரைவில் 53 செக்டர், ஒவ்வொன்றும் 4,096 பைட் (வெளியே 512 பைட் என்று கணக்குச் சொன்னாலும், இந்த டிஸ்க் உள்ளே எட்டெட்டாகச் சேர்த்தே வைக்கிறது). மொத்தம் 212 கே.பி. மற்றதெல்லாம் வந்துவிட்டது.

எந்த ஃபைலில் ஓட்டை?

99.99 சதவீதம் வந்தது என்றால் நிம்மதிதான். ஆனால் அந்த 53 செக்டர் எந்த ஃபைலுக்குள் விழுந்தது என்று தெரியாமல் கொடுத்தால் நாளைக்கு ஒரு பேட்டியைத் திறக்கும்போதுதான் தெரியும். டிடிரெஸ்க்யூவிலேயே இதற்கு வழி இருக்கிறது. படிக்க முடியாத இடங்களில் மட்டும் நாம் சொல்லும் ஒரு வாசகத்தை நிரப்பச் சொல்லலாம். மீட்ட இமேஜின் இன்னொரு பிரதியில், வேறெங்கும் வர வாய்ப்பில்லாத ஒரு சொற்றொடரை அந்த 53 இடங்களிலும் நிரப்பினேன். பிறகு அதைப் படிக்க மட்டும் என்று மவுன்ட் செய்து (ஒரு டிரைவைப் போலத் திறந்து), டி டிரைவின் எல்லா ஃபைல்களுக்குள்ளும் அந்தச் சொற்றொடரைத் தேடினேன்.

இரண்டு ஃபைல் மாட்டின. மீதியெல்லாம் காலி இடத்தில் விழுந்திருந்தன.

ஒன்று, ஆடியில் எடுத்த ஒரு படம். அதன் கீழ்ப்பாதி சாம்பல் பட்டையாகிவிட்டது. அதை பேத்தி வாட்ஸ்அப்பில் அத்தைக்கு அனுப்பியிருந்ததால் சுருங்கிய பிரதி ஒன்று கிடைத்தது. மூலம் போனது போனதுதான்.

மற்றொன்று அம்மாவின் மூன்றாவது கேசட். ஒன்பது செக்டர், 36,864 பைட். ஒற்றை ஒலித்தடத்தில் வினாடிக்கு 88,200 பைட் என்ற கணக்கில் அரை வினாடிக்கும் குறைவு. ஆடாசிட்டி என்ற ஒலி மென்பொருளில் திறந்தேன். கப்பலில் சாமான் மூட்டையை அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததைச் சொல்லிக்கொண்டு வருகிறார். “அவுக” என்று ஒரு வாக்கியத்தைத் தொடங்குகிறார். கரகரவென்று ஒரு வெட்டு. பிறகு “திரும்பிப் பாக்கல” என்று தொடர்கிறது. பெரியவர் ஒன்றும் சொல்லவில்லை. எழுந்து போய் வாசலில் நின்றார்.

அந்த ஃபைல் சித்திரைக்கு முன்பே கணினியில் இருந்தது. அப்படியானால் டின்னில் இருக்கும் இமேஜில் முழுதாக இருக்க வேண்டும். இமேஜை இறக்காமல் அதைக் கேட்க எளிய வழியில்லை. ஆக, மனையைத் தேடிக் கிளம்பினேன்.

பெரிய மனையில் இறக்கி

இந்தக் கட்டத்தில் முடிவு ஒன்று எடுக்க வேண்டியிருந்தது. மீட்ட இமேஜில் சி டிரைவில் 9.4 எம்.பி. ஓட்டை; விண்டோஸின் சொந்த ஃபைல்கள் எத்தனை சிதைந்தன என்று தேடித் தைத்துக்கொண்டிருப்பதில் பொருளில்லை. சித்திரை இமேஜில் சி டிரைவ் முழுசாக இருக்கிறது, பாமினியும் பேஜ்மேக்கரும் உட்பட. ஆறு மாதத்தில் சி டிரைவில் புதிதாக எதுவும் போடவில்லை. ஆகவே சித்திரையின் சி, ஐப்பசியின் டி. இரண்டையும் சேர்த்து ஒரு கணினி.

குன்னூரில் ஸ்டூடியோ வைத்திருக்கும் நண்பரிடம் பழைய 500 ஜி.பி. ஹார்ட் டிஸ்க் ஒன்று சும்மா கிடந்தது. வேறு கம்பெனி. லினக்ஸில் மாட்டி எண்ணிப் பார்த்தேன்: 97,67,73,168. அச்சு அசல் அதே மனை. டிஸ்க் தன் உடல்நிலையைத் தானே குறித்துவைக்கும் ஸ்மார்ட் கணக்கும் சுத்தமாக இருந்தது.

அதில் சித்திரை இமேஜை இறக்கினேன். எந்த எதிர்ப்பும் இல்லாமல் ஐம்பது நிமிடத்தில் முடிந்தது. விண்டோஸ் எழுந்தது. மூன்றாவது கேசட்டைத் திறந்து பெரியவரைக் கூப்பிட்டேன். “அவுக யாரும் திரும்பிப் பாக்கல.” நடுவில் தொலைந்திருந்தது ‘யாரும்’ என்ற ஒரு சொல். அதை அவர் மூன்று முறை ஓட்டிக் கேட்டார்.

அதற்குப் பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பார்ட்டிஷன் அளவை மாற்றும் ஜிபார்ட்டெடில் டி டிரைவைக் கடைசியிலிருந்து 30 ஜி.பி. சுருக்கினேன், தேவை 20தான், கொஞ்சம் ஓரம் விட்டேன். ஜிபார்ட்டெட் பார்ட்டிஷனோடு ஃபைல் சிஸ்டத்தையும் சேர்த்தே சுருக்கும் என்பதால் அந்த இரவு வந்த சிக்கல் இங்கே வராது. பிறகு விண்டோஸில் ஒருமுறை எழுப்பி, டி டிரைவ் ஒழுங்காக இருக்கிறதா என்று பார்த்து, முழுதாக மூடினேன். குளோன்சில்லாவின் எக்ஸ்பர்ட் வழியில் டிஸ்கிலிருந்து டிஸ்குக்கு என்று கொடுத்து, அளவைச் சரிபார்க்காதே என்ற அந்தத் தேர்வை இப்போது போட்டேன். இப்போது அது பொய் சொல்லச் சொல்வதாகாது; எல்லாப் பார்ட்டிஷனும் 480-க்குள் அடங்கிவிட்டன. பார்ட்டிஷன் அட்டவணையைப் பழைய எம்.பி.ஆர். முறையில் எழுதிய டிஸ்க் என்பதால் வேலை இன்னும் எளிது. புதிய ஜி.பி.டி. முறை என்றால் டிஸ்கின் கடைசியிலும் அட்டவணையின் இரண்டாவது பிரதி ஒன்று இருக்கும். அதையும் கவனிக்க வேண்டும்.

குளோன் முடிந்ததும் நண்பரின் டிஸ்கைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் எஸ்.எஸ்.டி.யை எழுப்பினேன். இரண்டுக்கும் ஒரே டிஸ்க் அடையாள எண் இருப்பதால், இரண்டையும் மாட்டி விண்டோஸை எழுப்பினால் அது ஒன்றை ஒதுக்கி வைக்கும். எதை என்று நாம் குழம்ப வேண்டியிருக்கும். விண்டோஸ் லைசென்ஸ் கேட்கவில்லை, மதர்போர்டு அதேதான். கடைசியாக, மீட்ட இமேஜிலிருந்து சித்திரைக்குப் பிறகு மாறிய ஃபைல்களை மட்டும் டி டிரைவில் சேர்த்தேன். கேசட் ஃபைலை மட்டும் தொடவில்லை.

பேஜ்மேக்கரைத் திறந்ததும் பெரியவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, கடைசியாக நிறுத்திய பக்கத்துக்குப் போய், ஒரு வரியை அடித்துப் பார்த்தார். பாமினி விழுந்தது.

இப்போது டின்னில் இருப்பது

எஸ்.எஸ்.டி.யிலிருந்து புதிய இமேஜ் எடுத்தோம். பழைய சித்திரை இமேஜையும் அழிக்கவில்லை. நண்பர் அந்த 500 ஜி.பி. டிஸ்கைத் திரும்ப வாங்க மறுத்துவிட்டார். அது இப்போது டின்னில் வெளி டிஸ்குக்குப் பக்கத்தில் இருக்கிறது. இமேஜ் இறங்கும் மனையாக அது அங்கேயே இருக்கும். டின்னின் மூடிக்கு உள்ளே பெரியவரின் கணக்கப்பிள்ளைக் கையெழுத்தில் ஒரு தாள்: எந்த டிஸ்கிலிருந்து எடுத்தது, அதன் செக்டர் எண்ணிக்கை, எத்தனை பார்ட்டிஷன், எது எவ்வளவு நீளம், குளோன்சில்லா பென் டிரைவ் எங்கே இருக்கிறது, எந்தக் கீயை அழுத்தினால் பூட் மெனு வரும். நான் ஊரில் இல்லாத நாளில் பேத்தி அதைப் படித்தே செய்துவிடலாம். இமேஜின் இன்னொரு பிரதி திருப்பூரில் மகன் வீட்டில் இருக்கிறது. 2009 நவம்பர் நிலச்சரிவைப் பார்த்தவர்கள் இங்கே எதையும் ஒரே வீட்டில் வைப்பதில்லை.

அதோடு, பாமினியில் இருந்த எல்லாக் கதைகளையும் என்.எச்.எம். கன்வெர்ட்டரில் போட்டு யூனிகோடுக்கு மாற்றி வைத்துவிட்டோம். பேத்தி இரண்டு வாரம் உட்கார்ந்து செய்தாள். ‘ஒ’வும் ‘ஓ’வும் சில இடத்தில் மாறியிருந்ததைப் பெரியவர் பிரிண்ட் எடுத்து சிவப்புப் பேனாவில் திருத்தினார். அந்தப் பிரதியைப் படிக்க இமேஜும் வேண்டாம், பேஜ்மேக்கரும் வேண்டாம்.

தை மாதத்தில் டின்னைத் திறந்து, புதிய இமேஜை அந்த 500 ஜி.பி. டிஸ்கில் இறக்கி, எஸ்.எஸ்.டி.யைக் கழற்றிவிட்டு அதில் எழுப்பிப் பார்த்தோம். இறங்கியது, எழுந்தது. நான் டீ குடித்துவிட்டு வருவதற்குள் பெரியவர் அந்தச் சோதனை டிஸ்கிலேயே உட்கார்ந்து 44-ஆவது குடும்பத்தின் கதையில் மூன்று பக்கம் அடித்துவிட்டிருந்தார். அதை முதலில் பென் டிரைவில் எடுத்துக்கொண்டேன். பிறகுதான் எஸ்.எஸ்.டி.யை மறுபடி மாட்டினேன்.